தடனோபு அசானோ: பாதியில் விலகிய பின்னும் படத்தை விட்டுப் போகாத நடிகர்

'தோர்' படங்களில் கதாநாயகனின் தோழர்களுள் ஒருவராக ஓரத்தில் நின்றவரும், 'ஷோகன்' தொடரில் யாபுஷிகே பிரபுவாக நடித்து கோல்டன் குளோப் விருது பெற்றவருமான தடனோபு அசானோவை ஜப்பானிய சுயாதீன சினிமாவின் முகம் என்று ஏன் சொல்கிறார்கள், அவருடைய படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம் என்பது கேள்வி. இதற்குப் பதில் சொல்வதற்கு ஹாலிவுட்டைச் சற்று ஒதுக்கி வைத்துவிட்டு, 1990-களின் தோக்கியோவுக்குப் போக வேண்டியிருக்கிறது. அசானோவின் திறமை தனிமனிதத் திறமைதான் என்றாலும், அந்தத் திறமைக்கு இடம் கொடுத்த ஒரு திரையரங்கு முறையும், அவரை நம்பித் தங்கள் முதல் படத்தை எடுத்த சில இளம் இயக்குநர்களும் இல்லாமல் இந்தத் திரைவாழ்க்கை இப்படி அமைந்திருக்காது.

அவர் 1973 நவம்பர் 27-ஆம் நாள் யோகோஹாமாவில் பிறந்தார். இயற்பெயர் தடனோபு சாத்தோ. தாய்வழிப் பாட்டனார் ஓர் அமெரிக்கர். தந்தை நடிகர்களுக்கு வாய்ப்புத் தேடித்தரும் முகவராக இருந்ததால், மகனும் சிறு வயதிலேயே கேமராவுக்கு முன்னால் நின்றுவிட்டார். பள்ளி ஆசிரியர் ஒருவரை மையமாகக் கொண்டு பல ஆண்டுகள் ஓடிய புகழ்பெற்ற தொலைக்காட்சித் தொடரில் மாணவனாக நடித்தபோது அவருக்குப் பதினான்கு வயது. 1990-இல் முதல் திரைப்படம் வந்தது. பின்னாளில் பெரிய முகவர் நிறுவனங்களின் குடையின் கீழ்ப் போகாமல், தந்தை நடத்திய சிறிய அலுவலகத்தின் வழியாகவே அவர் இயங்கினார். இதைச் சிறிய தகவலாக எண்ணிவிட வேண்டாம். ஜப்பானில் நடிகருக்கு நிலையான வருமானமும் புகழும் தருபவை தொலைக்காட்சித் தொடர்களும் விளம்பரங்களும்தான். யார் எந்தத் தொடரில், எந்த விளம்பரத்தில் தோன்ற வேண்டும் என்பதில் பெரிய முகவர் நிறுவனங்களின் கை ஓங்கியிருக்கும். அந்த வட்டத்துக்கு வெளியே நின்றதால்தான், சம்பளம் குறைவாக இருந்தாலும் தனக்குப் பிடித்த இயக்குநரின் படத்தில் நடிக்கும் உரிமை இளம் அசானோவின் கையிலேயே இருந்தது. தொலைக்காட்சித் தொடர்களிலிருந்து அவர் பெரும்பாலும் விலகியே இருந்தார். 2014-இல் ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கே தயாரித்த தொடரில் துப்பறிபவராக முதன்மை வேடம் ஏற்றபோது, அதுவே அங்கே ஒரு செய்தியாகப் பேசப்பட்டது.

அவர் வளர்ந்த காலத்தில் ஜப்பானியத் திரைத்துறை எந்த நிலையில் இருந்தது என்பதையும் பார்க்க வேண்டும். 1958-இல் அந்நாட்டுத் திரையரங்குகளில் ஓராண்டில் விற்ற நுழைவுச்சீட்டுகள் 112 கோடியைத் தாண்டின. 1996-இல் அது 12 கோடிக்கும் கீழே இறங்கியது. நடிகர்களையும் இயக்குநர்களையும் மாதச் சம்பளத்தில் வைத்திருந்த பழைய ஸ்டூடியோ முறை கலைந்துபோயிருந்தது. டாயே நிறுவனம் 1971-இல் திவாலானது. நிக்காட்சு 1993-இல் அதே நிலைக்கு வந்தது. உதவி இயக்குநராகச் சேர்ந்து படிப்படியாக இயக்குநராகும் வழி அடைபட்டுவிட்ட நிலையில், விளம்பரப் படம், இசைக் காணொளி, தொலைக்காட்சி ஆவணப்படம், பல்கலைக்கழகத் திரைப்பட மன்றம் ஆகியவற்றிலிருந்து வந்தவர்கள் குறைந்த பணத்தில் தாங்களே படம் எடுக்கத் தொடங்கினார்கள். துறையின் வீழ்ச்சி என்று வரலாற்றில் எழுதப்படும் அதே ஆண்டுகள்தாம், புதிய இயக்குநர்கள் கூட்டமாக எழுந்த ஆண்டுகளும்.

அவர்களுடைய படங்கள் ஓடிய இடம் மினி தியேட்டர். ஏறத்தாழ இருநூறு இருக்கைகள், பெரிய விநியோக நிறுவனங்களின் சங்கிலியில் சேராத உரிமையாளர், ஒரே படத்தை வாரக்கணக்கில் ஓட்டும் பொறுமை ஆகியவையே அதன் அடையாளம். தோக்கியோவின் ஜிம்போச்சோ பகுதியில் இருந்த இவானாமி ஹால் 1974 முதல் இந்த வழியைக் காட்டியது. 1982-இல் அந்நகரின் ஷிபுயா பகுதியில் யூரோஸ்பேஸ் வந்தது, 1986-இல் அதே ஷிபுயாவில் சினிமா ரைஸ் வந்தது. இந்த அரங்குகளுக்கு வந்த இருபது வயதுக்காரர்கள் உடையிலும் இசையிலும் புதுமை தேடியவர்கள்; அவர்களுக்கு அசானோ தங்களில் ஒருவராகத் தெரிந்தார். ராக் இசைக்குழுவில் பாடுவார், ஓவியம் வரைவார், பத்திரிகை அட்டைகளில் கலைந்த தலையுடன் தோன்றுவார். பெரிய நிறுவனத்தின் நட்சத்திரமாக இல்லாமலே ஒருவர் நட்சத்திரமாக முடிந்தது இந்தச் சிறிய அரங்குகளால்தான். அவற்றில் பல இன்று இல்லை: சினிமா ரைஸ் 2016-இலும், இவானாமி ஹால் 2022-இலும் மூடப்பட்டன. அந்த இழப்பு எவ்வளவு பெரியது என்பதை அசானோ போன்ற ஒருவரின் வரலாற்றைப் படிக்கும்போது உணர முடிகிறது.

இனி நடிப்புக்கு வருகிறேன். அவருடைய நடிப்பின் மையத்தில் இருப்பது, படத்தின் பாதியில் மறைந்துபோயும் மீதிப் படம் முழுவதையும் தன் பிடியில் வைத்திருக்கும் ஆற்றல் என்று நான் கருதுகிறேன். வேறு நடிகர்கள் காட்சியில் இருக்கும்போது வலுவாக இருப்பார்கள். அசானோவோ காட்சியை விட்டுப் போன பிறகு மேலும் வலுவாகிறார். இருபது ஆண்டு இடைவெளியில் வெவ்வேறு இயக்குநர்கள் இதைக் கண்டுகொண்டு பயன்படுத்தியிருக்கிறார்கள் என்பதே எனக்கு வியப்பளிப்பது.

முதல் சான்று, ஹிரோகாசு கொரே-எடாவின் முதல் கதைப்படமான 'மாபரோசி' (1995). தொலைக்காட்சி ஆவணப்படங்கள் எடுத்துக்கொண்டிருந்த கொரே-எடா, எழுத்தாளர் தெரு மியாமோட்டோவின் கதையைக் கையில் எடுத்தபோது, இளம் கணவன் இகுவோவின் வேடத்தை அசானோவுக்குக் கொடுத்தார். இகுவோ ஒரு தொழிற்சாலைத் தொழிலாளி. அவனுடைய மிதிவண்டி களவு போகிறது. அவனும் ஒன்றைத் திருடிக்கொண்டு வருகிறான். கணவனும் மனைவியுமாக உட்கார்ந்து அதற்கு வேறு நிறம் பூசுகிறார்கள். கேமரா தள்ளியே நிற்கிறது, அண்மைக் காட்சிகள் அரிது, வெளிச்சம் பெரும்பாலும் இயற்கையானது. முகத்தை வைத்து நடிக்க இங்கே வாய்ப்பே இல்லை; உட்காரும் விதம், தோள் சாயும் விதம், மனைவியின் பேச்சுக்குச் சற்றுத் தாமதமாக வரும் சிரிப்பு ஆகியவைதான் நடிகரிடம் இருக்கும் கருவிகள். ஒருநாள் அவன் வழக்கம்போல் தெருவில் நடந்து போகிறான். மனைவி அவன் முதுகைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். அன்றிரவு தண்டவாளத்தின் நடுவே நடந்து சென்று ரயிலில் அடிபட்டு இறந்துவிட்டான் என்ற செய்தி வருகிறது.

படத்தில் இன்னும் பெரும்பகுதி மீதமிருக்கிறது. மனைவி மறுமணம் செய்துகொண்டு கடலோரச் சிற்றூருக்குப் போகிறாள், அங்கே அவளுக்கு நல்ல வாழ்க்கையும் அமைகிறது. ஆனாலும் 'அவன் ஏன் செத்தான்' என்ற கேள்வி அவளை விடுவதில்லை, பார்ப்பவரையும் விடுவதில்லை. நாம் முதல் பகுதியை மனத்துக்குள் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்க்கிறோம். அந்தச் சிரிப்பில் துயரம் இருந்ததா, அந்த நடையில் முடிவு தெரிந்ததா என்று தேடுகிறோம். வேறொரு நடிகர் இந்த வேடத்தில் ஏதேனும் ஒரு குறிப்பு வைத்திருப்பார், கண்ணில் ஒரு நிழலையாவது காட்டியிருப்பார். அப்படிச் செய்திருந்தால் படத்தின் கேள்வி அந்த இடத்திலேயே செத்திருக்கும். இருபத்தொரு வயது அசானோ எதையும் காட்டவில்லை. அந்த மனிதனை மகிழ்ச்சியானவன் என்றும் சொல்ல முடியாது, துயரமானவன் என்றும் சொல்ல முடியாது. அவன் அங்கே வெறுமனே வாழ்ந்துகொண்டிருந்தான். அந்த ஆண்டின் வெனிஸ் விழாவில் ஒளிப்பதிவுக்கான பரிசைப் பெற்ற இந்தப் படத்தைப் பற்றி எழுதுபவர்கள் பெரும்பாலும் மசாவோ நகாபோரியின் ஒளிப்பதிவையே பேசுகிறார்கள். படத்தின் முதல் அரைமணி நேரத்துக்குள் அசானோ செய்து முடித்துவிட்ட வேலையும் அதே அளவு பேசப்பட வேண்டியது.

மறு ஆண்டே மேலும் இரண்டு அறிமுக இயக்குநர்களின் படங்களில் அவர் நடித்தார். ஷின்ஜி அயோயாமாவின் 'ஹெல்ப்லெஸ்' (1996) 1989-ஆம் ஆண்டின் ஒரு நாளில், வடக்கு கியூஷுவின் தொழில்நகரப் பகுதியில் நடக்கிறது. தந்தை மனநல மருத்துவமனையில் கிடக்க, மகன் கென்ஜி மோட்டார் சைக்கிளில் ஊர் சுற்றுகிறான். சிறையிலிருந்து வந்த, ஒரு கையை இழந்த யாகுசா (ஜப்பானியக் குற்றக்கும்பலைச் சேர்ந்தவன்) நண்பன் ஒருவன் தன் தங்கையை இவனிடம் ஒப்படைத்துவிட்டுப் போகிறான். கென்ஜியின் வன்முறை ஒரு சாலையோர உணவகத்தில் வெடிக்கும்போது அதற்கு எந்த முன்னறிவிப்பும் இல்லை, வெடித்த பிறகும் அவன் முகம் மாறுவதில்லை. பதினோரு ஆண்டுகள் கழித்து, 'சேட் வெக்கேஷன்' (2007) படத்தில் அதே கென்ஜியாக, தன்னைக் கைவிட்டுப் போன தாயைக் கண்டுபிடிப்பவனாக அவர் திரும்ப வந்தார். ஒரு பாத்திரத்துடன் நடிகரும் வயதாகி வருவதைப் பார்க்கும் வாய்ப்பு அரிதாகவே கிடைக்கும். அயோயாமா 2022-இல் மறைந்துவிட்டதால், கென்ஜியின் கதை அங்கேயே நிற்கிறது.

அதே 1996-இல் வந்த சதோஷி இசாகாவின் 'ஃபோகஸ்' படத்தில் அவர் முற்றிலும் வேறு மனிதர். வானொலி அலைகளை ஒட்டுக்கேட்பதைப் பொழுதுபோக்காகக் கொண்ட கூச்ச சுபாவமுள்ள இளைஞனைத் தொலைக்காட்சிக் குழு ஒன்று படம்பிடிக்க வருகிறது. நிகழ்ச்சி சுவையாக அமைய வேண்டும் என்பதற்காக அவனைச் சீண்டிச் சீண்டி, ஒரு துப்பாக்கி கைக்கு வரும் வரை கொண்டுபோய்விடுகிறது. நாம் பார்ப்பதெல்லாம் அந்தக் குழுவின் கேமராவில் பதிவானவைதான். நீண்ட ஷாட்டுகளில், கண்ணைத் தாழ்த்தி முணுமுணுக்கும் ஒருவன் கொஞ்சம் கொஞ்சமாக உடைவதை அசானோ காட்டும் விதத்தைப் பார்த்தால், அவருக்கு அமைதி மட்டும்தான் வரும் என்ற குறையை யாரும் சொல்ல முடியாது.

அடுத்து வந்த சில ஆண்டுகளில் அவர் நடித்த படங்களின் எண்ணிக்கை மிகுதி. நகிசா ஓஷிமாவின் கடைசிப் படமான 'கோஹாட்டோ' (1999), தகேஷி கிடானோவின் 'சாட்டோய்ச்சி' (2003) போன்ற பெரிய பெயர்களின் படங்களும், சோகோ இஷீயின் 55 நிமிடக் கறுப்பு வெள்ளைப் படமான 'எலெக்ட்ரிக் டிராகன் 80000வி' (2001) போன்ற வெறிபிடித்த சோதனைகளும் இதில் அடங்கும். உலகெங்கும் பரவிய தோற்றம் தகாஷி மீகேயின் 'இச்சி த கில்லர்' (2001) படத்தின் காகிஹாரா: இரு கன்னங்களும் வாயிலிருந்து கிழிந்து, வளையங்களால் கோத்து மூடப்பட்டிருக்க, புகையைக் கன்னத்தின் வழியே விடும் யாகுசா. தனக்கு முழு வலியைத் தரக்கூடிய ஒருவனைத் தேடி அலைபவன். இந்தப் படத்தின் கொடூரக் காட்சிகள் எனக்கு உடன்பாடானவை அல்ல; பெண்கள் மீதான வன்முறையைப் படம் கையாளும் விதத்தை நான் நியாயப்படுத்த மாட்டேன். ஆனால் அந்த அரக்கனுக்குள்ளும் ஏமாற்றமடைந்த காதலனின் ஏக்கத்தை வைத்தவர் அசானோ என்பதை மறுக்க முடியாது.

கியோஷி குரோசாவாவின் 'பிரைட் ஃபியூச்சர்' (2003) அவருடைய மையமான ஆற்றலுக்கு இரண்டாவது சான்று. (இந்தக் குரோசாவா, அகிரா குரோசாவாவின் உறவினர் அல்லர்.) உணவகங்களுக்கு ஈரத்துண்டு தயாரிக்கும் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் மாமோரு, நஞ்சுள்ள ஜெல்லிமீன் ஒன்றைக் கடல்நீரிலிருந்து நன்னீருக்குப் பழக்கிக்கொண்டிருக்கிறான். தன்னைவிட இளைய தோழனுக்கு இரண்டு கைச்சைகைகளைக் கற்பித்து வைத்திருக்கிறான்: ஒன்று பொறுத்திரு என்பது, மற்றது போ என்பது. பிறகு முதலாளி வீட்டில் கொலை செய்துவிட்டுச் சிறைக்குப் போகிறான், அங்கேயே தூக்கிட்டுக்கொள்கிறான். இறக்கும் முன், போ என்னும் சைகையில் நிற்கும்படி தன் கையைக் கம்பியால் கட்டிவைத்துவிட்டுப் போகிறான். ஜெல்லிமீனும் அந்தச் சைகையும் தோழனிடம் மிஞ்சுகின்றன, படம் அவற்றுடன் நகர்கிறது. கொலைக்கும் தற்கொலைக்கும் காரணம் சொல்லப்படுவதில்லை. அந்தக் காரணமின்மையை நாம் ஏற்றுக்கொள்வதற்கு, அசானோவின் முகத்தில் இருந்த இனிய அமைதிதான் துணை.

அதே 2003-இல் அவர் ஜப்பானுக்கு வெளியேயும் காலூன்றினார். தாய்லாந்து இயக்குநர் பென்-ஏக் ரதனருவாங்கின் 'லாஸ்ட் லைஃப் இன் த யூனிவர்ஸ்' படத்தில் அவர் பாங்காக்கில் உள்ள ஜப்பானிய நூலகத்தின் ஊழியர். புத்தகங்களையும் காலணிகளையும் வரிசை தவறாமல் அடுக்கி வைப்பவர், அடிக்கடி தற்கொலைக்கு முயல்பவர், ஒவ்வொரு முறையும் யாரேனும் வந்து கதவைத் தட்டுவதால் தடைபடுபவர். குப்பையும் கூளமுமாகக் கிடக்கும் ஒரு வீட்டில் வாழும் தாய்லாந்துப் பெண்ணோடு, ஜப்பானியம், தாய், ஆங்கிலம் மூன்றையும் அரைகுறையாகக் கலந்து பேசிப் பழகுகிறார். பிற்பகுதியில் அவர் சட்டையைக் கழற்றும்போது முதுகு நிறைய யாகுசா பச்சை குத்தியிருப்பது தெரிகிறது. அதுவரை நாம் பார்த்த ஒழுங்கெல்லாம் வேறு பொருள் கொள்கிறது. வெனிஸ் விழாவின் எதிர்நீரோட்டப் பிரிவில் சிறந்த நடிகர் விருது இதற்காக அவருக்குக் கிடைத்தது.

தைவானின் ஹௌ சியாவ்-சியென், யசுஜிரோ ஓசுவின் நூற்றாண்டையொட்டித் தோக்கியோவில் எடுத்த 'கஃபே லூமியேர்' படத்தில் ஜிம்போச்சோ பழைய புத்தகக் கடைக்காரராக, ஒலிவாங்கியோடு ரயில்களில் ஏறி ஓசைகளைப் பதிவு செய்பவராக வந்தார். செர்கேய் போத்ரோவின் 'மங்கோல்' (2007) படத்தில் செங்கிஸ் கானின் இளமைக்காலத்தை ஏற்று, மங்கோலிய மொழியில் வசனம் பேசி நடித்தார்; அது கஜகஸ்தான் சார்பில் ஆஸ்கரின் வேற்றுமொழிப் பட இறுதிப் பட்டியலில் இடம்பிடித்தது. தாய்மொழி அல்லாத மொழியில் நடிக்கும் நடிகர்கள் பெரும்பாலும் வசனத்தைப் பிழையின்றிச் சொல்லி முடிப்பதிலேயே கவனத்தைச் செலவிட்டுவிடுவார்கள். உடலையும் நேரத்தையும் நம்பி நடிக்கக் கற்றவருக்கு அந்தச் சிக்கல் குறைவு. மாபரோசியில் தூரத்துக் கேமராவுக்கு முன்னால் கற்ற பாடம் இங்கே கைகொடுத்தது என்றுதான் நினைக்கிறேன்.

நாற்பதை எட்டியபோது வேடங்களும் கனமாயின. கசுயோஷி குமாகிரியின் 'மை மேன்' (2014) படத்தில், பேரலையில் குடும்பத்தை இழந்த சிறுமியைத் தத்தெடுத்து, பின்னர் அவளுடன் தகாத உறவுக்குள் விழும் மனிதராக அவர் நடித்தது பார்ப்பதற்கே கடினமான ஒன்று; மாஸ்கோ விழாவில் படத்துக்குத் தலைசிறந்த பரிசும் அவருக்குச் சிறந்த நடிகர் விருதும் கிடைத்தன.

பிறகு அடுத்தடுத்து இரண்டு படங்கள். குரோசாவாவின் 'ஜர்னி டு த ஷோர்' (2015) படத்தில் மூன்றாண்டுகளுக்கு முன் கடலில் இறந்துபோன கணவன் ஒருநாள் மாலை வீட்டுக்குத் திரும்பி வந்து நிற்கிறான், காலணியைக் கழற்றாமலே. மனைவி அலறுவதில்லை, காலணியோடு உள்ளே வந்திருப்பதைத்தான் முதலில் சொல்கிறாள். இறந்தவனை எந்த ஒப்பனையும் தந்திரக் காட்சியும் இல்லாமல், சற்றே களைத்த, அன்பான கணவனாக அசானோ நடித்தார். மாபரோசியில் காரணம் சொல்லாமல் போனவன் விளக்கம் சொல்லத் திரும்பி வந்ததுபோல் இந்தப் படம் எனக்குத் தோன்றுகிறது. இரண்டையும் தொடர்ச்சியாகப் பார்த்தவர்களுக்கு இது மிகையாகப் படாது.

கோஜி ஃபுகடாவின் 'ஹார்மோனியம்' (2016) இதற்கு நேர் எதிர்ப்பக்கம். சிறிய உலோகப் பட்டறை நடத்தும் குடும்பத்தில், சிறையிலிருந்து வெளிவந்த யசாகா வந்து தங்குகிறான். பொத்தான் கழுத்துவரை பூட்டிய வெள்ளைச் சட்டை, நிமிர்ந்த முதுகு, யாரிடமும் அளவுக்கு மீறிய பணிவு. உணவை மட்டும் சிறைப் பழக்கத்தில் அவசரமாக விழுங்குவான். வீட்டுச் சிறுமிக்கு ஹார்மோனியம் சொல்லித் தருகிறான். ஆற்றங்கரையில் தனியாக இருக்கும்போது பட்டறைக்காரரிடம் ஒரு கணம் குரல் மாறி நஞ்சைக் கக்குகிறான்; அடுத்த கணமே பழைய பணிவுக்குத் திரும்பிவிடுகிறான். பிறகொரு நாள் தெருவில் நின்றபடி வெள்ளை வேலை உடையின் மேற்பகுதியைக் கழற்றும்போது உள்ளே சிவப்புச் சட்டை தெரிகிறது. வசனம் எதுவும் இல்லை, முகமும் மாறவில்லை, ஆனாலும் உடல் குளிர்ந்துபோகிறது. பெரும் தீங்கொன்று நடந்த பின் அவன் மறைந்துவிடுகிறான். படம் எட்டு ஆண்டுகளைத் தாண்டிச் செல்கிறது. அந்தக் குடும்பம் அவனைத் தேடிக்கொண்டே இருக்கிறது, நாமும் ஒவ்வொரு தெருவிலும் ஒரு வெள்ளைச் சட்டையை எதிர்பார்த்துக்கொண்டே இருக்கிறோம். கான் விழாவின் 'அன் செர்டன் ரிகார்ட்' பிரிவில் முந்தைய ஆண்டு குரோசாவாவுக்கு இயக்குநர் பரிசு கிடைத்தது. ஃபுகடாவின் படத்துக்கு நடுவர் பரிசு கிடைத்தது.

ஹாலிவுட் பக்கம் 2011-இல் தொடங்கியது. 'தோர்' வரிசை, 'பேட்டில்ஷிப்', '47 ரோனின்' ஆகியவற்றில் அவருக்குக் கிடைத்த இடம் சிறியது, அவற்றை வைத்து அவரை மதிப்பிடக் கூடாது. விதிவிலக்கு மார்ட்டின் ஸ்கோர்செஸியின் 'சைலன்ஸ்' (2016). கென் வாட்டனாபே விலகிய பின் வந்து சேர்ந்த மொழிபெயர்ப்பாளர் வேடத்தில், பாதிரியாரிடம் நட்போடு, கிட்டத்தட்ட இரக்கத்தோடு பேசிப்பேசியே அவருடைய நம்பிக்கையைக் கரைக்கிறார்.

'ஷோகன்' (2024) தொடரின் யாபுஷிகே இந்த எல்லாவற்றின் விளைச்சல். இசு நாட்டின் இந்தப் பிரபு கொதிக்கும் கொப்பரையில் மனிதனை இறக்கி, சாவு எப்படி வருகிறது என்று காது கொடுத்துக் கேட்பவன். கடல்பாறையில் அலைகளுக்கிடையே சிக்கும்போது மூழ்கிச் சாவதைவிட மேல் என்று வாளை எடுப்பவன். உயிலைத் திரும்பத் திரும்ப எழுதிக்கொண்டிருப்பவன். எந்தப் பக்கம் வெல்லுமோ அந்தப் பக்கம் சாயப் பார்ப்பவன். பத்து அத்தியாயங்களிலும் அடுத்து என்ன செய்வான் என்று ஊகிக்க முடியாதவன். 2025 ஜனவரியில் விருது மேடையேறிய அசானோ, உங்களுக்கு என்னைத் தெரியாமல் இருக்கலாம், நான் ஜப்பானைச் சேர்ந்த நடிகன் என்று தன்னை அறிமுகம் செய்துகொண்டார். முப்பத்தைந்து ஆண்டு அனுபவமுள்ள ஒருவர் அவ்வளவு மகிழ்ச்சியோடு அதைச் சொன்னது என்னை நெகிழச் செய்தது.

பார்க்கும் வரிசையைப் பொறுத்தவரை, 'ஷோகன்' முடித்த கையோடு 'ஹார்மோனியம்' பார்ப்பது நல்லது. யாபுஷிகேயில் கண்ட முகம் எவ்வளவு அடங்கவும் முடியும் என்பது அதில் தெரியும். அடுத்து 'மாபரோசி', அதன்பின் 'ஜர்னி டு த ஷோர்'. இந்த மூன்றும் பிடித்திருந்தால் 'லாஸ்ட் லைஃப்', 'பிரைட் ஃபியூச்சர்', 'ஹெல்ப்லெஸ்' என்று பின்னோக்கிப் போகலாம். 'இச்சி த கில்லர்' படத்தையும் 'மை மேன்' படத்தையும் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். முதலாவது குருதியைச் சகிக்க முடியாதவர்களுக்கு ஒத்துவராது, இரண்டாவதன் பொருள் பலருக்கு மனவேதனை தரக்கூடியது. அவற்றை விட்டுவிட்டாலும் அசானோவை அறிந்துகொள்வதில் பெரிய குறை வராது.